இடியை அடக்கிய ஆர்ம்ஸ்ட்ராங்

மழை வரப்போகிறது. வானத்தில் மின்னல் வெட்டுகிறது. வீட்டில் பழைய ரேடியோ பாடிக்கொண்டு இருக்கிறது. மின்னல் வெட்டும்போதெல்லாம் பாட்டுக்கு நடுவே கர கர என்று இரைச்சல். பாட்டை ரசிக்க முடியவில்லை.

அந்தக் காலத்தில் ரேடியோ வைத்திருந்த எல்லா வீடுகளிலும் இந்தத் தொல்லை இருந்தது.

இன்று பஸ்சில் எப்.எம். ரேடியோ பாடுகிறது. டீக்கடையில் பாடுகிறது. வெளியே இடி இடித்தாலும் பாட்டு தெளிவாகக் கேட்கிறது.

இந்த மாற்றத்துக்குக் காரணமானவர், எட்வின் ஹோவர்டு ஆர்ம்ஸ்ட்ராங் என்ற அமெரிக்க என்ஜினீயர். சந்திரனில் கால் வைத்த நீல் ஆர்ம்ஸ்ட்ராங் வேறு, இவர் வேறு.

வானத்து இடியை அடக்கியவர் இவர். ஆனால், மனிதர்கள் போட்ட வழக்குகளும், அரசாங்கம் போட்ட ஓர் உத்தரவும் இவரை வீழ்த்திவிட்டன. வெற்றியைக் காண அவர் உயிரோடு இல்லை. அவருடைய மனைவிதான் கண்டார்.

மாடி அறைச் சிறுவன்

1890-ம் ஆண்டு டிசம்பர் 18-ந் தேதி, நியூயார்க் நகரில் ஆர்ம்ஸ்ட்ராங் பிறந்தார். தந்தை ஜான், ஆக்ஸ்போர்டு பல்கலைக்கழகப் பதிப்பகத்தின் அமெரிக்கக் கிளையில் வேலை பார்த்தார். தாயார் எமிலி, ஆசிரியையாக இருந்தவர்.

சிறு வயதில் ஆர்ம்ஸ்ட்ராங்கை ஒரு கொடிய காய்ச்சல் தாக்கியது. உயிர் பிழைத்தான். ஆனால், நரம்புக் கோளாறு ஏற்பட்டது. கழுத்தும் தோளும் அவனை அறியாமலே வெட்டி வெட்டி இழுக்கும். 2 ஆண்டுகள் பள்ளிக்கூடம் போக முடியவில்லை. அந்தத் துடிப்பு கடைசிவரை அவரை விடவில்லை.

மற்ற பிள்ளைகள் தெருவில் விளையாடினார்கள். இவன் வீட்டில் தனியாக இருந்து, உடைந்த விளையாட்டுச் சாமான்களைப் பழுது பார்த்தான். தந்தை வாங்கிக்கொடுத்த புத்தகத்தில், கம்பி இல்லாமல் செய்தி அனுப்பிய மார்க்கோனியைப் பற்றிப் படித்தான். தானும் அவரைப்போல ஆகவேண்டும் என்று 14 வயதில் முடிவு செய்தான்.

அப்போது அவன் குடும்பம், ஹட்சன் ஆற்றங்கரையில் உள்ள யாங்கர்ஸ் என்ற ஊரில் குடியிருந்தது. வீட்டின் மேல்மாடி அறை அவனுடைய ஆராய்ச்சிக்கூடம் ஆயிற்று. கம்பிச் சுருள்களும் கருவிகளும் அங்கே குவிந்தன.

தூரத்து அலைகளைப் பிடிக்க உயரமான கம்பம் வேண்டும். வீட்டு முற்றத்தில் 125 அடி உயரக் கம்பம் ஒன்றை அவரே நட்டார். ஒரு தென்னை மரத்தின் தலையில் இன்னொரு தென்னை மரத்தை நிறுத்தினால் எவ்வளவு உயரமோ, அவ்வளவு உயரம்! கயிற்றில் தொங்கிக்கொண்டு உச்சிக்குப் போவார். அவருக்கு உயரத்தைக் கண்டு பயம் இல்லை. உயரம் என்றால் ஆசை.

ஊஞ்சல் தந்திரம்

1909-ல் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார். தினமும் மோட்டார் சைக்கிளில் கல்லூரிக்குப் போய் வந்தார்.

அப்போது லீ டி பாரஸ்ட் என்பவர் ஒரு வால்வைக் கண்டுபிடித்திருந்தார். பார்ப்பதற்கு மின்சார பல்பு மாதிரி இருக்கும். ரேடியோ அலையை அது பிடித்துக் கொடுக்கும். ஆனால் அது எப்படி வேலை செய்கிறது என்பது சரியாக விளங்கவில்லை. கேட்கும் ஒலியும் மிக மெல்லியது. காதில் கருவியை அழுத்திக்கொண்டு உட்கார வேண்டும்.

ஆர்ம்ஸ்ட்ராங் அந்த வால்வை அலசி ஆராய்ந்தார். 1912-ம் ஆண்டில் அவருக்கு ஒரு யோசனை தோன்றியது.

ஊஞ்சலில் குழந்தை ஆடுகிறது. ஒவ்வொரு முறை திரும்பி வரும்போதும் நாம் லேசாகத் தள்ளுகிறோம். சின்னத் தள்ளுதல்தான். ஆனால், ஊஞ்சல் மேலும் மேலும் உயரப் போகிறது அல்லவா?

அதே தந்திரத்தை வால்வில் செய்தார். வால்வில் இருந்து வெளியே வரும் மின்சாரத்தில் ஒரு பங்கை, மறுபடியும் அதன் வாசலுக்கே திருப்பி அனுப்பினார். அது சுற்றிச் சுற்றி வந்தது. ஒவ்வொரு சுற்றிலும் பலம் பெற்றது. ஈ பறப்பதுபோல் கேட்ட ஒலி, அறை முழுவதும் கேட்டது. கடலுக்கு அப்பால் அயர்லாந்தில் இருந்து வந்த சங்கேத ஒலிகூடக் கணீர் என்று கேட்டது.

சுற்றை இன்னும் கொஞ்சம் முடுக்கினால், அந்த வால்வே ரேடியோ அலையை உண்டாக்கி வெளியே அனுப்பியது. கேட்கும் கருவியும் அதுவே. பேசும் கருவியும் அதுவே. அப்போது ஆர்ம்ஸ்ட்ராங்குக்கு வயது 21. இன்னும் கல்லூரிப் படிப்பு முடியவில்லை.

தாமதம் செய்த வினை

கண்டுபிடித்தால் மட்டும் போதாது. இது என்னுடையது என்று அரசாங்கத்தில் பதிவு செய்யவேண்டும். அதற்குக் காப்புரிமை என்று பெயர்.

பதிவு செய்யப் பணம் வேண்டும். தந்தையிடம் கேட்டார். முதலில் பட்டம் வாங்கு, பிறகு பார்க்கலாம் என்று தந்தை சொல்லிவிட்டார். ஆர்ம்ஸ்ட்ராங் தன் மோட்டார் சைக்கிளை விற்றார். அந்தப் பணமும் போதவில்லை.

கடைசியில், தன் கருவியின் படத்தை ஒரு தாளில் வரைந்து, நோட்டரியிடம் கையெழுத்தும் முத்திரையும் வாங்கி வைத்துக்கொண்டார். அது 1913-ம் ஆண்டு ஜனவரி 31-ந் தேதி. இந்தத் தேதியை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

அந்த ஆண்டு அக்டோபரில்தான் மனுக் கொடுக்க முடிந்தது. 1914-ல் காப்புரிமை கிடைத்தது. ஆனால், அந்த வழியை 1912-லேயே நான் கண்டுவிட்டேன் என்று வால்வு செய்த டி பாரஸ்ட் உரிமை கொண்டாடினார். இருவருக்கும் இடையே வழக்கு மூண்டது. சுமார் 20 ஆண்டுகள் நடந்தது.

பாரிசில் ஒரு கண்டுபிடிப்பு

முதல் உலகப்போர் வந்தது. ஆர்ம்ஸ்ட்ராங் ராணுவத்தில் சேர்ந்து பாரிஸ் நகருக்குப் போனார். அங்கே 1918-ல் தன் அடுத்த கண்டுபிடிப்பைச் செய்தார்.

எதிரி விமானத்தின் என்ஜினில் இருந்து கிளம்பும் மிக வேகமான, மிக மெல்லிய அலைகளைப் பிடிக்க முடியுமா என்று யோசித்தார். வேகமான அலைகளைப் பெருக்குவது அந்தக் கால வால்வுகளுக்கு முடியாத காரியம். எனவே, வரும் அலையோடு இன்னோர் அலையைக் கலந்தார். இரண்டும் சேர்ந்து, வேகம் குறைந்த புது அலை பிறந்தது. அதைப் பெருக்குவது சுலபம்.

சூப்பர்ஹெட்ரோடைன் என்ற இந்த முறைதான், பின்னால் வந்த ரேடியோ பெட்டிகளுக்கும் டெலிவிஷன் பெட்டிகளுக்கும் உயிர்நாடி ஆயிற்று. பிரெஞ்சு அரசாங்கம் அவருக்கு விருது அளித்தது. மேஜர் பதவியுடன் ஊர் திரும்பினார். அது முதல் எல்லோரும் அவரை மேஜர் என்றே அழைத்தார்கள்.

பணமும் வந்தது. தன் காப்புரிமைகளை வெஸ்டிங்ஹவுஸ் கம்பெனிக்கு 3 லட்சத்து 35 ஆயிரம் டாலருக்கு விற்றார். 1922-ல் ஆர்.சி.ஏ. என்ற பெரிய ரேடியோ கம்பெனி, அவருடைய இன்னொரு கண்டுபிடிப்புக்கு 2 லட்சம் டாலரும் 60 ஆயிரம் பங்குகளும் கொடுத்தது.

கோபுரத்தில் ஏறிய காதலர்

ஆர்.சி.ஏ. கம்பெனியை நடத்தியவர் டேவிட் சர்னாப். ரஷியாவில் இருந்து வந்த ஏழை யூதக் குடும்பத்துப் பிள்ளை. சிறுவனாகத் தெருவில் பத்திரிகை விற்றவர். படிப்படியாக உயர்ந்தவர். அவரும் ஆர்ம்ஸ்ட்ராங்கும் நெருங்கிய நண்பர்கள்.

சர்னாப்பின் அலுவலகத்தில் மரியன் மாக்கின்னிஸ் என்ற பெண் செயலாளராக இருந்தாள். அவளை ஆர்ம்ஸ்ட்ராங் காதலித்தார்.

1923 மே மாதம், நியூயார்க்கில் உயரமான ஒரு கட்டிடத்தின் உச்சியில் ஆர்.சி.ஏ. ஒலிபரப்புக் கோபுரம் அமைத்தது. ஆர்ம்ஸ்ட்ராங் கோட்டும் சூட்டும் அணிந்தபடி அதன் நுனிவரை ஏறினார். அதைப் போட்டோ எடுக்கச் செய்து மரியனுக்கு அனுப்பினார். சர்னாப்புக்குக் கோபம் வந்துவிட்டது. இனி அந்த இடத்துக்கு வரக்கூடாது என்று தடை விதித்தார்.

அதே ஆண்டு டிசம்பர் 1-ந் தேதி ஆர்ம்ஸ்ட்ராங்குக்கும் மரியனுக்கும் திருமணம் நடந்தது. மனைவிக்கு அவர் கொடுத்த கல்யாணப் பரிசு, கையில் தூக்கிச் செல்லக்கூடிய ஒரு சூப்பர்ஹெட்ரோடைன் ரேடியோ. அவரே செய்தது. தேனிலவுக்குப் போன கடற்கரையில் அது பாடியது.

திருப்பிக் கொடுத்த பதக்கம்

டி பாரஸ்டுடன் நடந்த வழக்கில் முதலில் ஆர்ம்ஸ்ட்ராங்தான் ஜெயித்தார். அந்த மகிழ்ச்சியில், தன் காப்புரிமை எண்ணைக் கொடியில் எழுதி வீட்டுக் கம்பத்தில் பறக்கவிட்டார்.

எதிர்த்தரப்பிடம் பணம் இல்லை. நஷ்ட ஈட்டை விட்டுக்கொடுத்திருந்தால் வழக்கு அதோடு முடிந்திருக்கும். நண்பர்கள் எவ்வளவோ சொன்னார்கள். அவர் கேட்கவில்லை. அது அவருடைய பிடிவாதம்.

டி பாரஸ்ட் வேறு வழியில் கோர்ட்டுக்குப் போனார். 1928-லும், 1934-லும் சுப்ரீம் கோர்ட்டின் தீர்ப்பு ஆர்ம்ஸ்ட்ராங்குக்கு எதிராக அமைந்தது.

அந்தக் கண்டுபிடிப்புக்காக ரேடியோ என்ஜினீயர்கள் சங்கம் அவருக்குத் தன் முதல் கவுரவப் பதக்கத்தை அளித்திருந்தது. சட்டப்படி அது தன்னுடையது அல்ல என்று ஆனபிறகு பதக்கம் எதற்கு? அதைத் திருப்பிக் கொடுக்க, 1934-ல் சங்கத்தின் மாநாட்டுக்கு எடுத்துப் போனார்.

சங்கம் பதக்கத்தை வாங்க மறுத்துவிட்டது. கோர்ட்டு என்ன சொன்னாலும், கண்டுபிடித்தவர் ஆர்ம்ஸ்ட்ராங்தான் என்று மறுபடியும் உறுதி கூறியது. கூடியிருந்த என்ஜினீயர்கள் எழுந்து நின்று கைதட்டினார்கள்.

இடி அடங்கியது

இரைச்சலை ஒழிக்க ஏதாவது கருவி செய்யமுடியுமா என்று சர்னாப் நெடுநாளாகக் கேட்டு வந்தார். ஆர்ம்ஸ்ட்ராங் ஆண்டுக்கணக்கில் பாடுபட்டார்.

ரேடியோ அலையைக் கடல் அலையாக நினைத்துக்கொள்ளுங்கள். அலைக்கு உயரம் உண்டு. ஒரு நொடிக்கு எத்தனை அலை என்ற எண்ணிக்கையும் உண்டு.

பழைய முறையில், ஒலிக்குத் தகுந்தபடி அலையின் உயரத்தைக் கூட்டிக் குறைத்து அனுப்பினார்கள். அதுதான் ஏ.எம். மின்னலும் அலையின் உயரத்தைத்தான் குலைக்கிறது. எது பாட்டு, எது மின்னல் என்று ரேடியோ பெட்டிக்குப் பிரித்துப் பார்க்கத் தெரியாது. இரண்டையும் சேர்த்துப் பாடிவிடும்.

ஆர்ம்ஸ்ட்ராங் வழியையே மாற்றினார். உயரத்தை விட்டுவிட்டு, எண்ணிக்கையைக் கூட்டிக் குறைத்து அனுப்பினார். அதுதான் எப்.எம். கேட்கும் பெட்டி, உயரத்தில் வரும் மாறுதலை வெட்டி எறிந்துவிடும். எண்ணிக்கையை மட்டும் கவனிக்கும். மின்னல் எவ்வளவு வெட்டினாலும் அதற்குக் கவலை இல்லை.

இந்த முறையால் பயன் இல்லை என்று கணித நிபுணர்கள் முன்பே கைவிட்டிருந்தார்கள். அவர்கள் எண்ணிக்கை மாறும் அளவை மிகக் குறுகலாக வைத்துப் பார்த்தார்கள். ஆர்ம்ஸ்ட்ராங் அதை அகலமாக்கினார். வெற்றி அங்கேதான் இருந்தது.

1933 டிசம்பர் 26-ந் தேதி எப்.எம். காப்புரிமைகள் அவருக்குக் கிடைத்தன. அடுத்த ஆண்டு, எம்பயர் ஸ்டேட் கட்டிடத்தில் ஆர்.சி.ஏ.க்கு இருந்த இடத்தில் கருவியை வைத்துச் சோதனை நடந்தது. 70 மைலுக்கு அப்பால் ஒலி துல்லியமாகக் கேட்டது.

1935 நவம்பர் 5-ந் தேதி என்ஜினீயர்கள் கூட்டத்தில் இதைச் செய்து காட்டினார். யாங்கர்சில் ஒரு நண்பர் வீட்டில் இருந்து ஒலிபரப்பு நடந்தது. அங்கே கிளாசில் தண்ணீர் ஊற்றினார்கள். காகிதத்தைக் கசக்கினார்கள். இங்கே, அந்த அறையிலேயே நடப்பது மாதிரி கேட்டது. அப்படி ஒரு தெளிவான ஒலியை ரேடியோவில் யாரும் கேட்டது இல்லை.

நண்பர் பகைவர் ஆனார்

சர்னாப் கேட்டது ஒரு சின்னக் கருவி. ஆர்ம்ஸ்ட்ராங் கொண்டுவந்ததோ ஒரு புது உலகம். அதை ஏற்றுக்கொண்டால் பழைய நிலையங்கள், பழைய ரேடியோ பெட்டிகள் எல்லாவற்றையும் மாற்றவேண்டும். ஆர்.சி.ஏ. தன் பணத்தை டெலிவிஷனில் போட விரும்பியது. 1935-ல், எம்பயர் ஸ்டேட் கட்டிடத்தில் இருந்து கருவிகளை எடுத்துக்கொள்ளும்படி ஆர்ம்ஸ்ட்ராங்கிடம் சொல்லிவிட்டது.

அவர் சோர்ந்துவிடவில்லை. நியூஜெர்சியில் ஆல்பைன் என்ற இடத்தில், சொந்தப் பணம் 3 லட்சம் டாலருக்கு மேல் செலவழித்து, 425 அடி உயரக் கோபுரத்துடன் எப்.எம். நிலையம் கட்டினார். 1939-ல் அது முழு பலத்துடன் இயங்கியது. கேட்டவர்கள் வியந்தார்கள். வேறு கம்பெனிகள் காப்புரிமைப் பணம் கொடுத்து எப்.எம். பெட்டிகள் செய்தன.

1940-ல் ஆர்.சி.ஏ. இறங்கி வந்தது. மொத்தமாக 10 லட்சம் டாலர் தருவதாகக் கூறியது. ஆர்ம்ஸ்ட்ராங் மறுத்துவிட்டார். சின்னக் கம்பெனிகள் ஒவ்வொரு பெட்டிக்கும் பங்கு கொடுக்கும்போது, பெரிய கம்பெனிக்கு மட்டும் தனிச் சலுகையா? அது நியாயம் அல்ல என்று நினைத்தார்.

இரண்டாம் உலகப்போர் வந்தது. அமெரிக்க ராணுவம் தன் எப்.எம். காப்புரிமைகளை இலவசமாகப் பயன்படுத்திக்கொள்ள அனுமதித்தார். டாங்கிகளிலும் ஜீப்புகளிலும் எப்.எம். ரேடியோ பேசியது.

ஓர் உத்தரவு

ரோட்டில் வண்டிகள் முட்டிக்கொள்ளாமல் இருக்கப் போலீஸ்காரர் வழி பிரித்து விடுகிறார். அதுபோல ஆகாயத்தில் ரேடியோ அலைகள் மோதிக்கொள்ளாமல் இருக்க, எந்த அலை யாருக்கு என்று அரசாங்கம் பிரித்துக் கொடுக்கிறது. அமெரிக்காவில் அந்த வேலை, 1934-ல் அமைக்கப்பட்ட மத்திய தகவல் தொடர்பு கமிஷனுடையது.

எப்.எம்.முக்கு 42 முதல் 50 மெகாஹெர்ட்ஸ் வரை இடம் ஒதுக்கப்பட்டிருந்தது. 1945-ல் கமிஷன் அதை மாற்றியது. சூரியனில் புள்ளிகள் அதிகமாகும் காலத்தில் அந்த அலைகளுக்கு இடைஞ்சல் வரும் என்று காரணம் கூறி, எப்.எம்.மை 88 மெகாஹெர்ட்சுக்கு மேலே தள்ளியது. பழைய இடத்தின் பெரும்பகுதி டெலிவிஷனுக்கு ஒதுக்கப்பட்டது. ஆர்ம்ஸ்ட்ராங் எவ்வளவோ வாதாடினார். பயன் இல்லை.

ஒரே உத்தரவில், மக்கள் வாங்கி வைத்திருந்த லட்சக்கணக்கான எப்.எம். பெட்டிகள் பயனற்றுப் போயின. புது நிலையங்கள் கட்டவேண்டும். புதுப் பெட்டிகள் செய்யவேண்டும். அதற்குள் டெலிவிஷன் முந்திக்கொண்டது.

பின்னாளில் உலகத்தின் பல நாடுகள் எப்.எம்.முக்கு ஒதுக்கியது அந்தப் புது இடத்தைத்தான். இன்றும் நாம் கேட்பது 88-க்கும் 108-க்கும் இடையில்தான். ஆனால், அது வேரூன்ற ஆண்டுகள் பல ஆயின. அந்தக் காலத்தில் காப்புரிமைக்கு ஆயுள் 17 ஆண்டாக இருந்தது. ஆர்ம்ஸ்ட்ராங்குக்கு அந்தக் காலம் 1950-ல் முடிந்துவிட்டது.

தனிமை

டெலிவிஷன் பெட்டிகளின் ஒலிக்கு எப்.எம். முறை பயன்பட்டது. ஆர்.சி.ஏ. அதற்கு ஆர்ம்ஸ்ட்ராங்குக்குப் பணம் கொடுக்கவில்லை. 1948-ல் அவர் வழக்குப் போட்டார்.

கம்பெனி வக்கீல்கள் மாதக்கணக்கில் அவரைக் குறுக்கு விசாரணை செய்தார்கள். அவரிடம் இருந்த செல்வம் வக்கீல் செலவில் கரைந்தது. வீட்டில் எந்நேரமும் வழக்குப் பேச்சுதான். நண்பர்கள் குறைந்தார்கள்.

1953 நவம்பரில், மரியனுக்காக முன்பு எழுதி வைத்திருந்த பணத்தில் கொஞ்சம் கேட்டார். வழக்கை முடித்துவிட்டு அமைதியாக வாழ்வோம் என்று மரியன் கெஞ்சினாள். வாக்குவாதம் முற்றியது. கோபத்தில் ஆர்ம்ஸ்ட்ராங் அவள் கையில் அடித்துவிட்டார். 30 ஆண்டு கூட வாழ்ந்தவள், சகோதரியின் வீட்டுக்குப் போய்விட்டாள்.

கிறிஸ்துமஸ் வந்தது, புத்தாண்டு வந்தது. அவர் தனியாக இருந்தார். ஒரு ஞாயிற்றுக்கிழமை மனைவிக்கு மன்னிப்புக் கேட்டுக் கடிதம் எழுதினார். அன்று இரவு தன் உயிரைத் தானே மாய்த்துக்கொண்டார். அவருக்கு வயது 63.

அது 1954-ம் ஆண்டு ஜனவரி 31-ந் தேதி. தன் முதல் கண்டுபிடிப்பின் படத்தில் நோட்டரி முத்திரை வாங்கி, சரியாக 41 ஆண்டுகள் ஆகியிருந்தன.

மரியன் வென்றாள்

வழக்கு வேண்டாம் என்று கெஞ்சியவள் மரியன். இப்போது கணவரின் பெயரைக் காக்க அவளே வழக்குகளைக் கையில் எடுத்துக்கொண்டாள்.

அந்த ஆண்டு டிசம்பரில் ஆர்.சி.ஏ. சமரசத்துக்கு வந்தது. 10 லட்சம் டாலருக்குச் சற்று அதிகமாகக் கொடுத்தது. 1940-ல் ஆர்ம்ஸ்ட்ராங் மறுத்த தொகையும் ஏறத்தாழ அதுதான்!

மரியன் அதோடு நிற்கவில்லை. மற்றக் கம்பெனிகள்மீது இருந்த வழக்குகளையும் ஒன்றுவிடாமல் நடத்தினாள். கடைசி வழக்கு 1967-ல் முடிந்தது. எல்லாவற்றிலும் வெற்றி. எப்.எம்.மைத் தந்தவர் ஆர்ம்ஸ்ட்ராங்தான் என்பது சட்டப்படியும் நிலைநாட்டப்பட்டது. கணவர் இறந்து 13 ஆண்டுகள் கழித்து!

1970-களின் இறுதியில் அமெரிக்காவில் ஏ.எம். கேட்பவர்களைவிட எப்.எம். கேட்பவர்கள் அதிகமானார்கள். 1979-ல் மரியன் காலமானார்.

இந்தியாவின் முதல் எப்.எம். ஒலிபரப்பு, 1977 ஜூலை 23-ந் தேதி நம் சென்னையில்தான் தொடங்கியது.

ஆல்பைன் கோபுரம் இன்னும் நிற்கிறது. 2001 செப்டம்பரில் நியூயார்க் உலக வர்த்தக மையக் கட்டிடங்கள் தகர்க்கப்பட்டன. அவற்றின் உச்சியில் இருந்த டெலிவிஷன் கம்பங்களும் அழிந்தன. அப்போது சில நிலையங்களுக்குத் தற்காலிகமாக இடம் கொடுத்துக் கைகொடுத்தது, ஆர்ம்ஸ்ட்ராங் தன் கைப்பணத்தில் கட்டிய அந்தக் கோபுரம்தான்.

இனி மழை நாளில் எப்.எம். ரேடியோ தெளிவாகப் பாடும்போது, மின்னல் வெட்டும் வானத்தை ஒரு முறை பாருங்கள். அந்த இரைச்சலை நம் காதுக்கு வராமல் தடுத்தவர், தன் வீட்டுக்குள் வந்த புயலைத் தடுக்க முடியாமல் போனார். அதைத் தாங்கி நின்று, அவர் பெயரை மீட்டவள் அவர் மனைவி.